சீர்ஸ்-2112: மங்கலான படத்தில் பட்டை தெரிவது எப்படி?

அன்புள்ள ஆசிரியருக்கு,

சீர்ஸ்-2112 கேலக்ஸியின் படத்தைத் தேடிப் பார்த்தேன். மங்கலான ஒரு தீற்றல்தான் இருக்கிறது. அதன் நடுவில் பட்டை, அதாவது மையத்தின் குறுக்கே விண்மீன்கள் நீளமாகத் திரண்ட அமைப்பு, இருப்பதாக எதை வைத்துச் சொல்கிறார்கள்? அதே பகுதியை முன்பே படமெடுத்த ஹபிள் விண்வெளித் தொலைநோக்கிக்கு ஏன் அது தெரியவில்லை?

ஒரு வாசகர்

அன்புள்ள நண்பருக்கு,

ஹபிள் விஷயத்தை முதலில் பார்த்துவிடுவோம். இந்த கேலக்ஸியின் செம்பெயர்ச்சி (பிரபஞ்சம் விரிவதால் ஒளியின் அலைநீளம் எவ்வளவு கூடுகிறது என்ற அளவு) ஏறத்தாழ 3. அப்படியென்றால் அங்கிருந்து கிளம்பிய ஒளியின் அலைநீளம் நான்கு மடங்காக நீண்டு நம்மிடம் வருகிறது. ஹபிள் 1.6 மைக்ரானில் பிடிப்பது அங்கே 0.4 மைக்ரானில் கிளம்பிய நீல ஒளி. நீலத்தில் இளம் விண்மீன்கள்தான் திட்டுத்திட்டாகப் பளிச்சிடும், தூசியும் மறைக்கும். பட்டையில் பெரும்பாலும் இருப்பவை வயதான விண்மீன்கள். ஜேம்ஸ் வெப் தொலைநோக்கி 4.44 மைக்ரானில் பார்ப்பதால் அவற்றின் 1.1 மைக்ரான் ஒளி அதற்குக் கிடைக்கிறது. கண்ணாடியும் பெரியது: ஹபிளுக்கு 2.4 மீட்டர், வெப்புக்கு 6.5.

தீற்றல் என்று நீங்கள் சொல்வது சரிதான். அந்தத் தொலைவில் 10,000 ஒளியாண்டு நீளப் பட்டை வெப்பின் நீள் அலைநீளக் கேமராவில் 6 பிக்சல் அளவுக்குத்தான் விழும். அதனால் கண்ணை மட்டும் நம்ப முடியாது, அளந்துதான் தீர வேண்டும்.

மையத்திலிருந்து வெளியே போகப் போக, சம பிரகாசமுள்ள இடங்களின் மேல் நீள்வட்டங்களைப் பொருத்துகிறார்கள். ஒவ்வொன்றிலும் கவனிப்பது இரண்டை: எவ்வளவு நீண்டிருக்கிறது, எந்தத் திசையில் கிடக்கிறது. பட்டைக்குள் நீட்சி ஏறிக்கொண்டே போகும், திசை மாறாது. பட்டை முடிந்ததும் நீட்சி சட்டென்று விழும், திசை திரும்பும். வெறும் சுருள் கரங்களாக இருந்தால் திசை தொடர்ந்து முறுக்கிக்கொண்டே போயிருக்கும்.

பெரும்பாலும் பிசகுவது சாய்வில். கேலக்ஸியின் விண்மீன்கள் பரவிக் கிடக்கும் தட்டையான வட்டத்தைத் தட்டு என்பார்கள்; சாய்ந்து தெரியும் எந்தத் தட்டும் நீண்டுதான் தெரியும். எனவே வெளித்தட்டின் சாய்வைக் கணக்கிட்டுக் கழித்த பிறகே முடிவுக்கு வர வேண்டும். மிகவும் சாய்ந்தவற்றை இந்த ஆய்வுகளில் ஒதுக்கிவிடுவது வழக்கம். இரண்டு கேலக்ஸிகள் மோதிக்கொண்டிருந்தாலும் நீளமாகத் தெரியும், ஆகவே ஒரே ஃபில்டரை நம்பாமல் மற்றவற்றிலும் சரிபார்க்க வேண்டும்.

லூகா கோஸ்டான்டின் தலைமையிலான குழு 2023 நவம்பரில் 'நேச்சர்' இதழில் இதை வெளியிட்டது. நாம் பார்ப்பது பிரபஞ்சத்துக்கு 210 கோடி வயதானபோது இருந்த கேலக்ஸியை. விண்மீன்கள் ஒழுங்காகச் சுற்றும், அமைதியான தட்டில்தான் பட்டை எளிதில் உருவாகும். ஆரம்பகாலத் தட்டுகளோ வாயு கொந்தளிப்பவை, அவை அடங்கப் பல நூறு கோடி ஆண்டுகள் ஆகும் என்றே பரவலாகக் கருதப்பட்டது. என்னை இதில் கட்டிப்போடுவது அந்தக் கால அளவு உடைந்ததுதான். ஆனால் அந்தக் காலத்தில் பட்டைகள் எவ்வளவு பரவலாக இருந்தன என்பதை ஒரே ஒரு கேலக்ஸியை வைத்துச் சொல்லிவிட முடியாது, அதற்கு நூற்றுக்கணக்கில் இப்படி அளந்து எண்ண வேண்டும்.