கீரைக்கட்டும் தர்பூசணியும் ஆமைக்கு ஆகுமா? – வாசகர் கேள்வி பதில்

வீடுகளில் வளரும் நில ஆமைகளின் தீனி பற்றி வந்த கேள்விகளுக்கு இந்த இதழில் பதில் சொல்கிறோம். கேட்டிருப்பவர்களில் அதிகம் பேர் வைத்திருப்பது ஆப்பிரிக்க சல்காட்டா. சகாரா பாலைவனத்தின் தெற்கு விளிம்பில், புல்லையும் முள்செடிகளையும் மேய்ந்து வாழும் இனம் அது. கீழே உள்ள பதில்கள் எல்லாம் இந்த ஒரு விஷயத்திலிருந்தே வருகின்றன.

எட்டு மாத சல்காட்டா குட்டிக்குத் தினமும் அரைக்கீரையும் பாலக்கும் போடுகிறோம். ஞாயிற்றுக்கிழமை தர்பூசணி. நன்றாகத்தான் சாப்பிடுகிறது, ஆனால் ஓடு மேடுமேடாக எழும்புகிறதே?
– மதுரை வாசகி

நமக்குச் சத்தானது ஆமைக்கும் சத்தாகத்தான் இருக்கும் என்று கீரைக்கட்டை வாங்கிப் போடுகிறோம். இங்கேதான் தவறு நடக்கிறது. அரைக்கீரை, முளைக்கீரை, தண்டுக்கீரை, பாலக், பருப்புக்கீரை, பீட்ரூட் இலை எல்லாவற்றிலும் ஆக்சலேட் அதிகம். குடலில் அது கால்சியத்தைப் பிடித்துக்கொள்வதால், தீனியில் கால்சியம் இருந்தும் உடம்பில் சேராது. ஆமையின் ஓடு வெளியே மாட்டிய கவசம் இல்லை. முதுகெலும்பும் விலா எலும்புகளும் சேர்ந்து உருவானது. கால்சியம் குறைந்தால் அங்கேயும் அடி விழும். இந்தக் கீரைகளில் ஒரு பிடி என்றாவது ஒருநாள் உள்ளே போனால் ஒன்றும் ஆகாது. அன்றாடத் தீனியாக மட்டும் வேண்டாம்.

தர்பூசணியை இன்றே நிறுத்துங்கள். வாழைப்பழம், மாம்பழம், ஆப்பிள் எதுவும் சல்காட்டாவுக்குத் தேவையில்லை. குதிரையைப் போல இதற்கும் பெருங்குடலில் உள்ள நுண்ணுயிரிகள்தான் நாரைப் புளிக்கவைத்துச் செரிக்கின்றன. சர்க்கரை போய்ச் சேர்ந்தால் அந்தக் கூட்டம் நிலை குலையும். கழிச்சல் வரும், குடல் ஒட்டுண்ணிகள் பெருகும். புல் தின்னும் ஆமையின் சாணம் கெட்டியாக இருக்கும். உடைத்துப் பார்த்தால் வைக்கோல் துணுக்குபோல நார் தெரியும், வாடையும் அதிகம் இருக்காது. உங்கள் குட்டியின் கழிவு குழைவாக, நாறிக்கொண்டு இருந்தால் பழமும் கீரையும்தான் முதலில் சந்தேகப்பட வேண்டியவை.

ஓட்டு மேட்டுக்குத் தீனி மட்டும் காரணம் இல்லை. வியன்னாவில் சல்காட்டா குட்டிகளை வைத்துச் செய்த ஆய்வு ஒன்று 2003-ல் வெளியானது. காற்றில் ஈரம் குறைந்த சூழலில் வளர்ந்த குட்டிகளுக்கே மேடு அதிகம் எழும்பியது. புரதத்தைக் கூட்டிக் குறைத்ததால் வந்த மாற்றம் சிறிதுதான். பாலைவன ஆமைக்கு ஈரம் எதற்கு என்று கேட்கத் தோன்றும். காட்டில் இவை வெயில் நேரத்தை ஈரமான வளைக்குள்தான் கழிக்கின்றன. எனவே ஏசி அறையில், காய்ந்த செய்தித்தாள் விரித்த தொட்டியில் வைக்காதீர்கள். தேங்காய் நார்த்தூளை ஈரப்படுத்திப் பரப்பி, ஒரு மூலையில் மூடிய ஒளிவிடம் வையுங்கள். தினமும் 15 முதல் 20 நிமிடம் வெதுவெதுப்பான தண்ணீரில் உட்கார வைக்கலாம். மேல் ஓடும் அடி ஓடும் சேரும் விளிம்பு வரைக்கும் தண்ணீர் நின்றால் போதும், தலை தாராளமாக வெளியே இருக்க வேண்டும்.

எழுந்த மேடு இனித் தணியாது. ஆனால் ஓட்டின் தட்டுகளுக்கு நடுவே வெளிர்நிறக் கோடாகத் தெரியும் புதிய வளர்ச்சியைச் சமமாக வரவைக்கலாம். அந்தக் கோட்டைத்தான் மாதாமாதம் கவனிக்க வேண்டும்.

கால்சியம் பொடி எவ்வளவு போடுவது? கடையில் வாங்குவது விலை அதிகமாக இருக்கிறது.
– விழுப்புரம் வாசகர்

குட்டிக்கு வாரம் மூன்று நாள், இரு விரலால் கிள்ளும் அளவு போதும். பாஸ்பரஸ் கலக்காத கால்சியம் கார்பனேட்டாகப் பாருங்கள். நாட்டு மருந்துக் கடையில் 'கடல்நுரை' என்று கேட்டால் கணவாய் ஓடு தருவார்கள். ஒருநாள் முழுக்கத் தண்ணீரில் ஊறவைத்து, இரண்டு முறை தண்ணீர் மாற்றி உப்பை எடுத்துவிட்டு, காயவைத்துத் தொட்டிக்குள் போட்டுவிடுங்கள். வேண்டும்போது ஆமையே கொறித்துக்கொள்ளும், அலகும் தேயும்.

எவ்வளவு கொடுத்தாலும் நேரடி வெயில் இல்லாவிட்டால் பயன் குறைவு. வெயிலின் புற ஊதாக் கதிர்தான் தோலில் டி வைட்டமினை உண்டாக்கி, கால்சியத்தைக் குடலிலிருந்து உடம்பில் ஏற்றுகிறது. சன்னல் கண்ணாடி அந்தக் கதிரைத் தடுத்துவிடும். கண்ணாடித் தொட்டியோடு தூக்கி வெயிலில் வைத்தால் உள்ளே சூடு ஏறி ஆமை செத்தே போகலாம். காலையில் ஒரு மணி நேரம் திறந்த இடத்தில், பாதி நிழலும் பாதி வெயிலுமாக விடுங்கள். காக்கை, நாய் பக்கத்தில் வராமல் ஆள் இருக்க வேண்டும்.

புல்லை வைத்தால் முகர்ந்துவிட்டுப் போய்விடுகிறது. எந்தப் புல், எப்படிப் பழக்குவது?
– கோயம்புத்தூர் வாசகர்

அருகம்புல்தான் முதல் தேர்வு. எங்கும் கிடைக்கும், நார் உண்டு, குட்டியும் மெல்லும். உங்கள் பக்கத்துக் கொறங்காடு எனும் மேய்ச்சல் நிலங்களில் வளரும் கொழுக்கட்டைப் புல்லும் நல்லது. ஆப்பிரிக்காவின் வறண்ட பகுதிகளுக்கும் சொந்தமான புல் அது. கம்பு நேப்பியர் தீவனப்புல் கிடைத்தால் இளம் தாளை மட்டும் நறுக்கிக் கலக்கலாம். வருடம் முழுக்க ஒரே புல்லைப் போடாமல் இரண்டு மூன்றை மாற்றிக்கொண்டே இருங்கள். நெல் வைக்கோல் வேண்டாம். மாடு செரித்துக்கொள்ளும் பொருள் அது, ஆமைக்கு அதில் சத்து ஏதும் இல்லை. உலர்தீனி வேண்டுமென்றால் பச்சையாக அறுத்து நிழலில் காயவைத்த அருகம்புல் கொடுங்கள்.

ஆமைக்குப் பல் கிடையாது. வேரோடு நிற்கும் புல்லை அலகால் கவ்வித் தலையைப் பின்னால் இழுத்து அறுக்கும். அறுத்து உதிரியாகப் போட்ட நீளப் புல் இழுக்க இழுக்கக் கூடவே வரும். குட்டி சலித்துப் போய்விடும். கத்தரிக்கோலால் ஒரு சென்டிமீட்டர் துண்டுகளாக நறுக்குங்கள். லேசாகத் தண்ணீர் தெளித்து, அது விரும்பும் இலையோடு பிசறிவிடுங்கள். முதல் வாரம் பிடித்த இலை மூன்று பங்கு, புல் ஒரு பங்கு. வாரந்தோறும் புல்லைக் கூட்டி, நாலைந்து வாரத்தில் அந்தக் கணக்கை அப்படியே திருப்பிவிடலாம். பொறுக்கித் தின்ன முடியாதபடி பொடியாக நறுக்குவதுதான் முக்கியம். பட்டினி போட்டுப் பழக்க வேண்டாம், சின்னக் குட்டி தாங்காது.

கூடச் சேர்க்க ஏற்றவை: செம்பருத்தி இலையும் பூவும், முசுக்கட்டை (மல்பெரி) இலை, திராட்சை இலை, பூசணிப் பூ, முள் சீவிய சப்பாத்திக்கள்ளி மடல். கள்ளி மடலில் கண்ணுக்குத் தெரியாத பூ முள்ளும் இருக்கும். தீயில் ஒரு வாட்டு வாட்டித் தேய்த்துக் கழுவினால் போய்விடும். முருங்கைக் கீரையில் கால்சியத்தோடு புரதமும் அதிகம் என்பதால் வாரம் ஒரு இணுக்கு போதும். முட்டைக்கோஸும் காலிஃபிளவர் இலையும் எப்போதாவது. அளவு என்று பார்த்தால், ஓட்டின் பரப்புக்குச் சமமான ஒரு குவியல் காலையில். அதைச் சொரசொரப்பான கூரை ஓட்டுத் துண்டின் மேல் வையுங்கள். மணலில் போட்டால் மணலும் சேர்ந்து உள்ளே போய்க் குடலை அடைக்கும்.

பிள்ளையார் கோயில் வாசலில் விற்கும் அருகம்புல் எங்கே பறித்தது என்று தெரியாது. களைக்கொல்லி அடித்த வரப்பாகவும் இருக்கலாம். கணுவோடு நாலு கொடி வாங்கி, நாலு அங்குல ஆழமுள்ள தட்டுகள் மூன்றில் நட்டுவிட்டால், ஒன்றை மேயவிட்டு மற்றதை வளரவிடலாம்.

மாடியில் பூச்செடிகள் நடுவே ஆமை உலாவுகிறது. எதை அப்புறப்படுத்த வேண்டும்?
– சென்னை வாசகி

அரளி, மஞ்சள் அரளி இரண்டையும் முதலில். இலை, பூ, விதை எல்லாமே இதயத்தைத் தாக்கும் நஞ்சு. ஆமைக்கு மஞ்சளும் சிவப்பும் கண்ணைக் கவரும் நிறங்கள் என்பதால் உதிர்ந்து கிடக்கும் பூவைத் தேடிப் போய்த் தின்னும். செடி பக்கத்து வீட்டுடையதாக இருந்தாலும் உங்கள் தளத்தைத் தினமும் பெருக்க வேண்டும். எருக்கு, ஊமத்தை, ஆமணக்கு, குண்டுமணி, செங்காந்தள், உண்ணிச்செடி, நித்தியகல்யாணி, குரோட்டன்ஸ் எதுவும் அது எட்டும் இடத்தில் இருக்கக் கூடாது. மணி பிளான்ட்டும் டிஃபன்பேக்கியாவும் ஊசி போன்ற படிகங்களால் வாயையும் தொண்டையையும் வீங்க வைக்கும். நர்சரியில் வாங்கிய செம்பருத்தியில் பூச்சிமருந்து இருக்கக்கூடும். புதுத் துளிர் வந்து சில மாதம் ஆன பிறகு கொடுங்கள். சமையலறையிலிருந்து வெங்காயம், பூண்டு, அவகாடோ, தக்காளிச் செடியின் இலை வேண்டாம்.

தின்றுவிட்டது என்று தெரிந்தால் உப்புத் தண்ணீர், எண்ணெய், பால் என்று எதையும் வாயில் ஊற்றாதீர்கள், நுரையீரலுக்குள் போய்விடும். வாயில் மிச்சம் இருந்தால் எடுத்துவிட்டு, தின்ற செடியில் ஒரு கிளையை ஒடித்துக்கொண்டு உடனே கால்நடை மருத்துவரிடம் போங்கள்.

பூனைக்கு வைக்கும் தீனியை ஆசையாகத் தின்கிறது. வாரம் ஒருமுறை அவித்த முட்டையும் கொடுக்கலாமா?
– நாகர்கோவில் வாசகர்

இரண்டும் கூடாது. மிதமிஞ்சிய புரதத்தின் கழிவு யூரிக் அமிலமாகச் சேர்ந்து சிறுநீரகத்தைக் கெடுக்கும், மூட்டுகளில் படியும். பாலும் தயிரும்கூட வேண்டாம், ஊர்வனவற்றின் குடல் பாலுக்கானது அல்ல. தொட்டியில் நீந்தும் சிவப்புக் காது ஆமைக்கு மீனும் புழுவும் ஏற்றவை. அந்தக் கணக்கை நில ஆமைக்குப் போட வேண்டாம்.

தோட்டத்தில் நட்சத்திர ஆமை ஒன்று கிடைத்தது. என்ன கொடுத்து வளர்ப்பது?
– திண்டுக்கல் வாசகர்

வளர்க்கக் கூடாது. நம் ஊர் நட்சத்திர ஆமை 1972-ம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் கீழ் வருகிறது, வீட்டில் வைத்திருப்பதே குற்றம். காற்றோட்டமுள்ள அட்டைப்பெட்டியில் நிழலில் வைத்து, வனத்துறைக்குத் தகவல் சொல்லி ஒப்படையுங்கள். அதுவரை ஒரு ஆழமில்லாத தட்டில் தண்ணீர் போதும். சல்காட்டா வைத்திருப்பவர்களுக்கும் ஒரு வார்த்தை: 2024-ல் வந்த விதிகளின்படி அதையும் அரசின் பரிவேஷ் தளத்தில் பதிவு செய்ய வேண்டும். இன்று உள்ளங்கையில் நிற்கும் குட்டி பின்னாளில் 45 கிலோவைத் தொடக்கூடியது.

சிறுநீரோடு வெள்ளையாகக் களிம்புபோல வருகிறது. நோயா?
– சேலம் வாசகி

இல்லை. அது யூரேட், தண்ணீரைச் சேமிக்கும் ஊர்வனவற்றின் கழிவு. விரலில் எடுத்துத் தேய்த்துப் பாருங்கள் (பிறகு சோப்புப் போட்டுக் கை கழுவுங்கள், ஆமையிடம் சால்மொனெல்லா கிருமி இருக்கும்). தயிர்போல வழவழப்பாக இருந்தால் சரி. மணல்போல நறநறவென்று இருந்தால் தண்ணீர் போதவில்லை. தண்ணீரில் உட்கார வைக்கும் நேரத்தை அரை மணியாக்கி, புல்லைக் கழுவி ஈரத்தோடு போடுங்கள். நாலைந்து நாளில் மாறாவிட்டாலோ, முக்கிக்கொண்டு பின்னங்காலை இழுத்து நடந்தாலோ சிறுநீர்ப்பையில் கல் இருக்கலாம். எக்ஸ்ரே எடுத்துத்தான் பார்க்க வேண்டும்.