இனிஷியலை எங்கே எழுதுவது?
பாஸ்போர்ட் புதுப்பித்தல்: வாசகர் கேள்வி – பதில்

கேள்வி: என் பாஸ்போர்ட் இன்னும் எட்டு மாதத்தில் காலாவதியாகிறது. ஆன்லைனிலேயே புதுப்பித்துவிடலாம் என்று பேரன் சொல்கிறான். அலையாமல் வீட்டிலிருந்தபடியே முழுவதையும் முடித்துவிட முடியுமா? இப்போதே செய்ய வேண்டுமா, காலாவதியான பிறகு செய்தால் போதுமா?
– ஓய்வுபெற்ற ஆசிரியர், கும்பகோணம்

பதில்: முழுவதையும் வீட்டிலிருந்தே முடிக்க முடியாது, ஒரு முறையாவது நேரில் போய்த்தான் ஆக வேண்டும். விண்ணப்பத்தை நிரப்புவது, கட்டணம் செலுத்துவது, நேரில் வரவேண்டிய நாளையும் நேரத்தையும் முன்பதிவு செய்வது ஆகியவை மட்டுமே இணையத்தில் நடக்கின்றன. புகைப்படம் எடுப்பதும் கைரேகை பதிவதும் மூல ஆவணங்களைப் பார்ப்பதும் பாஸ்போர்ட் சேவை மையத்திலோ, 2017 முதல் அஞ்சலகங்களில் திறக்கப்பட்டுவரும் சேவை மையங்களிலோதான் நடக்கும். ஆனால் பழைய நாட்களைப் போல உங்கள் மாவட்டத்துக்கு உரிய அலுவலகத்துக்குத்தான் போக வேண்டும் என்ற கட்டுப்பாடு 2018-இல் நீங்கிவிட்டது. கும்பகோணத்தில் குடியிருக்கும் நீங்கள், சென்னையில் மகள் வீட்டுக்குப் போகும் சமயத்தில் சாலிகிராமத்திலோ அமைந்தகரையிலோ தாம்பரத்திலோ உள்ள மையத்தில் நாள் பதிவுசெய்துகொள்ளலாம். போலீஸ் விசாரணை தேவைப்பட்டால் அது விண்ணப்பத்தில் எழுதிய முகவரிக்குத்தான் வரும், புத்தகமும் அந்த முகவரிக்குத்தான் விரைவு அஞ்சலில் வரும் என்பதை மட்டும் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

'புதுப்பித்தல்' என்று நாம் பேச்சில் சொன்னாலும், விண்ணப்பத்தில் அதற்கு 'ரீ-இஷ்யூ', அதாவது மறுவழங்கல் என்றே பெயர். இது வெறும் சொல் வேறுபாடு அன்று. ஓட்டுநர் உரிமத்தைப் போலத் தேதியை மட்டும் நீட்டித்து அதே எண்ணைத் திரும்பத் தருவதில்லை. பழைய புத்தகத்தை ரத்து செய்துவிட்டு, புதிய எண்ணோடு புதிய புத்தகத்தை வழங்குகிறார்கள். ஆகவே பழைய பாஸ்போர்ட்டில் ஓர் எழுத்துப் பிழையோடு பத்து ஆண்டுகள் காலம் தள்ளியவர்கள், அதைத் திருத்திக்கொள்வதற்கு உகந்த நேரமும் இதுவே. அப்படித் திருத்துவோர் 'செல்லுபடிக் காலம் முடிதல்' என்ற காரணத்தோடு நிறுத்திக்கொள்ளாமல், 'தனிப்பட்ட விவரங்களில் மாற்றம்' என்பதையும் தேர்ந்தெடுக்க வேண்டும். அதைத் தேர்ந்தெடுக்காமல் மையத்தில் போய் வாய்மொழியாகச் சொல்பவர்கள் பெரும்பாலும் வேறொரு நாளில் வருமாறு திருப்பி அனுப்பப்படுகிறார்கள்.

காலாவதி தேதிக்கு ஓராண்டு முன்பிருந்தே விண்ணப்பிக்கலாம் என்பதால், நீங்கள் காத்திருக்க வேண்டியதில்லை. பல நாடுகள், தம் மண்ணில் இறங்கும் நாளிலிருந்து பாஸ்போர்ட் இன்னும் ஆறு மாதமாவது செல்ல வேண்டும் என்று கேட்கின்றன. அந்தக் கணக்கில் பார்த்தால் எட்டு மாதம் மிச்சமுள்ள உங்கள் பாஸ்போர்ட், பயணத்துக்கு இரண்டு மாதம்தான் உதவும். காலாவதியாகி மூன்று ஆண்டுகளைத் தாண்டவிட்டால், அது விண்ணப்பத்தில் தனிக் காரணமாகிவிடுவதோடு போலீஸ் விசாரணையும் புதிதாக நடக்கும்.

36 பக்கப் புத்தகத்துக்கு 1,500 ரூபாயும், 60 பக்கப் புத்தகத்துக்கு 2,000 ரூபாயும் கட்டணம். தட்கல் முறையில் இன்னும் 2,000 ரூபாய் கூடும். அடிக்கடி வெளிநாடு செல்லாதவருக்கு 36 பக்கமே தாராளம். மையத்துக்குப் போகும்போது அசல் பழைய பாஸ்போர்ட், அதன் முதல் இரண்டு பக்கங்கள், கடைசி இரண்டு பக்கங்கள் ஆகியவற்றின் நகல்கள் (நீங்களே கையொப்பமிட்டவை), இப்போதைய முகவரிக்கான ஆவணம் ஆகியவை கையில் இருக்க வேண்டும். வெளிநாட்டு வேலைக்குச் செல்வோருக்கான குடியகல்வுச் சோதனை (ஈ.சி.ஆர்.) குறித்த பக்கமோ குறிப்புரை எழுதிய பக்கமோ இருந்தால் அதன் நகலும் வேண்டும். ஸ்டுடியோவுக்குப் போய்ப் படம் எடுத்துக்கொண்டு வருவது வீண்செலவு. படத்தை அங்கேயே எடுப்பார்கள்.

கேள்வி: என் பாஸ்போர்ட்டில் பெயர் மட்டும் இருக்கிறது, குடும்பப் பெயர் என்ற இடம் காலியாக உள்ளது. பள்ளிச் சான்றிதழில் இனிஷியலோடு இருக்கிறது. துபாயில் வேலைக்கு முயல்கிறேன். ஒற்றைப் பெயர் இருந்தால் விசா கிடைக்காது என்று நண்பர்கள் பயமுறுத்துகிறார்கள். புதுப்பிக்கும்போது இனிஷியலை எங்கே எழுதுவது?
– ஒரு வாசகர், திருநெல்வேலி

பதில்: இது தமிழர்களுக்கே உரிய தலைவலி. குடும்பப் பெயர் என்ற வழக்கம் நம்மில் பெரும்பாலோரிடம் இல்லை. தந்தை பெயரின் முதல் எழுத்தை முன்னால் வைத்துக்கொண்டு வாழ்நாள் முழுவதும் நிம்மதியாக இருந்துவிடுகிறோம். பாஸ்போர்ட் விண்ணப்பமோ உலக வழக்கத்தையொட்டி, இட்ட பெயர் ஒரு கட்டத்திலும் குடும்பப் பெயர் இன்னொரு கட்டத்திலுமாகக் கேட்கிறது. அதில் இனிஷியலை எழுத இடமில்லை. எழுத்தை விரித்து முழுப்பெயராகத்தான் எழுத வேண்டும். குடும்பப் பெயர்க் கட்டத்தைக் காலியாக விடுவதற்குத் தடையில்லை என்பதால் ஆயிரக்கணக்கானோர் அப்படியே விட்டுவிட்டார்கள். நீங்களும் அவர்களில் ஒருவர்.

உங்கள் நண்பர்கள் சொல்வதில் பாதி உண்மை. 2022 நவம்பரில் ஐக்கிய அரபு அமீரகம், ஒற்றைப் பெயர் கொண்ட பாஸ்போர்ட்டோடு சுற்றுலா விசாவிலோ வருகை விசாவிலோ வருவோரை அனுமதிக்க இயலாது என்று அறிவித்தது. சில நாட்களிலேயே, பாஸ்போர்ட்டின் மற்றொரு பக்கத்தில் தந்தை பெயரோ குடும்பப் பெயரோ அச்சாகியிருந்தால் ஏற்றுக்கொள்ளலாம் என்று அது தளர்த்தப்பட்டது. இங்கே ஒரு சிறு கிளைக்கதை: பெற்றோர் பெயரும் முகவரியும் அச்சாகும் அந்தக் கடைசிப் பக்கத்தையே எடுத்துவிடலாம் என்று 2018 ஜனவரியில் நம் வெளியுறவு அமைச்சகம் அறிவித்து, எதிர்ப்பு எழுந்ததும் அம்மாத இறுதியிலேயே கைவிட்டது. அன்று அந்தப் பக்கம் போயிருந்தால், 2022-இல் பலருக்கு வழி அடைபட்டிருக்கும். அமெரிக்காவில் வேறு வகைத் தொல்லை: ஒற்றைப் பெயர்க்காரரின் பெயரை விசாவில் குடும்பப் பெயராகப் போட்டுவிட்டு, இட்ட பெயர் இருக்க வேண்டிய இடத்தில் 'முதற்பெயர் தெரியவில்லை' என்பதன் சுருக்கமான எஃப்.என்.யு. என்ற மூன்று எழுத்துகளை இட்டுவிடுவார்கள். அந்த எழுத்துகளே தம் பெயராக வங்கிக் கணக்கு வரை தொடர்ந்து வருவதாகப் புலம்புவோர் உண்டு.

ஆகவே என் கருத்து இது: அடுத்த பத்து ஆண்டுகளுக்கான புத்தகத்தில் இரண்டு கட்டங்களும் நிரம்பியிருக்கட்டும். உங்கள் பெயர் இட்ட பெயராகவும், இனிஷியலின் விரிவான தந்தை பெயர் குடும்பப் பெயராகவும் இருப்பதே தமிழ்நாட்டில் பரவலாகக் கையாளப்படும் வழி. இதில் இரண்டு எச்சரிக்கைகள் உண்டு. முதலாவது, தந்தையின் பெயரை அவரது ஆவணங்களில் உள்ள ஆங்கில எழுத்துக்கூட்டலிலேயே எழுதுங்கள். ஓர் ஆவணத்தில் ஒற்றை எழுத்தும் இன்னோர் ஆவணத்தில் இரட்டை எழுத்துமாக இருந்தால், பாஸ்போர்ட்டுக்கு விண்ணப்பிப்பதற்கு முன்பே ஆதாரையும் பான் அட்டையையும் சரிசெய்துகொள்ளுங்கள். இரண்டாவது, பழைய எண்ணும் பழைய பெயரும் கொண்ட விசாவோ வேலை ஒப்பந்தமோ ஏற்கெனவே கையில் இருந்தால், அது முடியும்வரை பெயரைத் தொடாதீர்கள்; உங்களுக்கு இன்னும் வேலை கிடைக்கவில்லை என்பதால் இப்போது மாற்றுவதில் இடைஞ்சல் இல்லை.

இனிஷியலை விரிப்பது வேறு, பெயரையே மாற்றிக்கொள்வது வேறு. எண்கணித சோதிடரின் ஆலோசனைப்படி பெயரில் எழுத்துகளைக் கூட்டிக்கொண்டவர்களும், முற்றிலும் புதிய பெயர் சூட்டிக்கொண்டவர்களும் நாளிதழ் விளம்பரமோ அரசிதழ் அறிவிப்போ காட்ட வேண்டியிருக்கும். இதே கேள்வியை வேறு விதமாகக் கேட்டிருக்கும் ஈரோட்டு வாசகிக்கும் ஒரு வரி: திருமணம் ஆனதால் பாஸ்போர்ட்டில் கணவர் பெயரைத் தம் பெயரோடு சேர்த்தே ஆக வேண்டும் என்ற கட்டாயம் எதுவும் இல்லை.

கேள்வி: இணையத்தில் தேடியபோது முதலில் வந்த வலைத்தளத்தில் விவரங்களை எல்லாம் கொடுத்துப் பணமும் கட்டிவிட்டேன். இரண்டு வாரமாகியும் சந்திப்பு நாள் வரவில்லை. நான் ஏமாற்றப்பட்டுவிட்டேனா?
– ஒரு வாசகி, திருப்பூர்

பதில்: அப்படித்தான் தோன்றுகிறது. பாஸ்போர்ட்டுக்கான அரசு வலைத்தளம் ஒன்றே ஒன்றுதான்: பாஸ்போர்ட்இந்தியா டாட் கவ் டாட் இன். முகவரியின் முடிவில் 'கவ் டாட் இன்' இல்லாமல், பார்வைக்கு அசோகச் சின்னம்கூட வைத்திருக்கும் தளங்கள் பல உள்ளன. அவற்றை நம்ப வேண்டாம் என்று வெளியுறவு அமைச்சகமே எச்சரித்திருக்கிறது. கைப்பேசியில் செய்வதானால் அரசின் 'எம்-பாஸ்போர்ட் சேவா' என்ற செயலி உண்டு. உண்மையான தளத்தில் விண்ணப்பம் பதிவானதும் 'ஏ.ஆர்.என்.' எனப்படும் விண்ணப்ப எண் தரப்படும். உங்களிடம் அப்படி ஓர் எண் இருந்தால், அரசுத் தளத்தின் நிலை அறியும் பகுதியில் அதை இட்டுப் பாருங்கள். எண் செல்லுபடியானால் இடைத்தரகர் ஒருவர் உங்களுக்காக விண்ணப்பித்துவிட்டு மேல்தொகையை எடுத்துக்கொண்டிருக்கிறார் என்று பொருள். இல்லையென்றால் தாமதிக்காமல் 1930 என்ற சைபர் குற்ற உதவி எண்ணில் புகார் செய்துவிட்டு, வங்கிக்கும் தெரிவியுங்கள். ஆதார் எண்ணையும் பிறந்த தேதியையும் கொடுத்திருப்பதால், பணத்தைவிட அந்த விவரங்களைப் பற்றித்தான் எனக்குக் கவலை. பாஸ்போர்ட் தொடர்பான ஐயங்களுக்கு 1800-258-1800 என்ற கட்டணமில்லா எண்ணில் கேட்கலாம்.

கேள்வி: என் மகனுக்கு ஏழு வயதாகிறது. இரண்டு வயதில் எடுத்த பாஸ்போர்ட் ஐந்து ஆண்டிலேயே முடிந்துவிட்டதே, ஏன்?
– ஒரு தாய், ஓசூர்

பதில்: சிறுவர்களுக்கு வழங்கப்படும் பாஸ்போர்ட் ஐந்து ஆண்டுகளோ 18 வயது வரையோ, எது முந்துகிறதோ அதுவரைதான் செல்லும், கட்டணம் 1,000 ரூபாய். 15 வயதைக் கடந்தவர்கள் விரும்பினால் பத்து ஆண்டுக்கானதையே பெறலாம். பெற்றோர் இருவரும் கையொப்பமிட்ட 'டி' இணைப்பு எனப்படும் உறுதிமொழிப் படிவத்தையும் உங்கள் பாஸ்போர்ட் நகல்களையும் கொண்டு செல்லுங்கள். பையனையும் அழைத்துச் செல்ல வேண்டும். நான்கு வயது நிரம்பாத குழந்தைக்கு மட்டும்தான் வெள்ளைப் பின்னணியில் எடுத்த படத்தைக் கையோடு கொண்டு போக வேண்டியிருக்கும்.

கேள்வி: சிப் வைத்த இ-பாஸ்போர்ட் வந்துவிட்டதாமே. என் பாஸ்போர்ட் 2029 வரை செல்லும். அதற்குள் மாற்றிக்கொள்ள வேண்டுமா? மாற்றினால் பழையதில் உள்ள அமெரிக்க விசா வீணாகிவிடுமா?
– ஒரு மென்பொருள் பொறியாளர், கோயம்புத்தூர்

பதில்: மாற்றத் தேவையில்லை. உங்கள் கையில் உள்ளது அதன் தேதி முடியும்வரை முழுமையாகச் செல்லும். 2024 ஏப்ரலில் சில அலுவலகங்களில் சோதனையாகத் தொடங்கிய இ-பாஸ்போர்ட், சென்னையில் 2025 மார்ச்சில் வழக்கத்துக்கு வந்தது. முன்னட்டையின் கீழ்ப்புறத்தில் பொன்னிறச் சின்னம் ஒன்று இருக்கும். உள்ளே பொதிந்த சிப்பில் உங்கள் விவரங்கள் மின்னணுக் கையொப்பத்தோடு பதிந்திருப்பதால், அச்சிட்ட பக்கத்தைத் திருத்தி ஏமாற்றுவது கடினமாகிறது. இதற்காகத் தனிக் கட்டணமோ தனி விண்ணப்பமோ கிடையாது.

பழைய புத்தகம் ரத்தாகும்போது அதன் மூலையைக் கத்தரித்தோ முத்திரையிட்டோ உங்களிடமே திருப்பித் தருவார்கள். செல்லுபடியாகும் விசா உள்ள பக்கம் சேதமாகாமல் இருந்தால், பழையதையும் புதியதையும் சேர்த்துக் காட்டி அமெரிக்காவுக்குள் நுழையலாம். புத்தகத்தை மையத்தில் ஒப்படைக்கும்போது விசா உள்ள பக்கத்தை அதிகாரியிடம் நீங்களே எடுத்துக்காட்டிவிடுவது நல்லது.

கேள்வி: பூர்வீக நிலம் தொடர்பாக எனக்கும் என் அண்ணனுக்கும் நீதிமன்றத்தில் வழக்கு நடக்கிறது. விண்ணப்பத்தில் வழக்கு உண்டா என்று கேட்கிறார்கள். உண்டு என்று எழுதினால் பாஸ்போர்ட் கிடைக்காமல் போய்விடுமோ என்ற பயத்தில் இரண்டு மாதமாக விண்ணப்பிக்காமல் இருக்கிறேன்.
– ஒரு விவசாயி, தேனி

பதில்: பயம் வேண்டாம். 1967-ஆம் ஆண்டுப் பாஸ்போர்ட் சட்டத்தின் 6-ஆவது பிரிவு தடையாகச் சொல்வது, குற்றவியல் நீதிமன்றத்தில் குற்றச்சாட்டின் பேரில் நிலுவையிலுள்ள வழக்கைத்தான். பாகப்பிரிவினை, எல்லைத் தகராறு, வாடகை போன்ற உரிமையியல் வழக்குகள் அதில் சேரா. ஆனால் உங்களுக்கும் அண்ணனுக்கும் இடையே நிலத்தில் கைகலப்பு நடந்து, காவல் நிலையத்தில் வழக்குப் பதிவாகி, அது குற்றவியல் நீதிமன்றத்துக்குப் போயிருந்தால் கதை வேறு. அப்போதும் கதவு முற்றிலும் மூடப்படுவதில்லை: அந்த நீதிமன்றத்தின் அனுமதி உத்தரவைப் பெற்று இணைத்தால், 1993-இல் வெளியான அரசாணையின்படி, உத்தரவில் குறிப்பிட்ட காலத்துக்கும், காலம் எதுவும் குறிப்பிடாவிட்டால் ஓராண்டுக்கும் பாஸ்போர்ட் வழங்கப்படும்.

செய்யக்கூடாதது ஒன்றுதான்: குற்ற வழக்கு இருந்தும் இல்லை என்று எழுதுவது. போலீஸ் விசாரணையில் அது வெளிப்பட்டே தீரும். தகவலை மறைத்துப் பாஸ்போர்ட் பெறுவது அதே சட்டத்தின் 12-ஆவது பிரிவின்படி இரண்டு ஆண்டு வரை சிறைத் தண்டனைக்குரிய குற்றம். நில வழக்கு மட்டும்தான் என்றால், வழக்கின் மனு நகலை ஒரு கோப்பில் போட்டுக் கையோடு எடுத்துக்கொண்டு, இந்த வாரமே விண்ணப்பித்துவிடுங்கள். விசாரணைக்கு வரும் காவலர் அண்ணனுடனான தகராறைப் பற்றிக் கேட்டால், அந்த நகலைக் காட்டினாலே போதும்.