பணியிட மாறுதலை எதிர்த்து அரசு ஊழியர் வழக்குப் போட்டால் ஜெயிக்க முடியுமா?

முடியும். ஆனால் பலரும் நம்பிப் போகிற காரணத்தை வைத்து அல்ல.

ஊழியர் சங்கப் பொறுப்பில் இருந்ததால், மாறுதல் ஆணையும் கையுமாக வந்த நிறையப் பேரிடம் பேசியிருக்கிறேன். முதலில் சொல்வது குடும்பத்தைத்தான். மனைவிக்கு இங்கே வேலை, பையன் பத்தாம் வகுப்பு, அம்மாவுக்கு டயாலிசிஸ். எல்லாம் நிஜமான கஷ்டம். ஆனாலும் கோர்ட்டில் அது பெரும்பாலும் நிற்காது. ஷில்லாங்கிலிருந்து மாற்றப்பட்ட எஸ்.எல்.அப்பாஸ் என்ற மத்திய அரசு ஊழியரும் மனைவியின் வேலை, பிள்ளைகள் படிப்பு, தன் உடல்நிலை எல்லாவற்றையும் சொன்னார். தீர்ப்பாயம் மாறுதலை ரத்து செய்தது. 1993-ல் உச்ச நீதிமன்றம் அந்தத் தீர்ப்பைத் தள்ளிவிட்டது. கணவன் மனைவியை ஒரே ஊரில் போடலாம் என்பது வழிகாட்டுதல்தான், அதற்குச் சட்டத்தின் பலம் கிடையாது என்றது. குடும்ப நிலையை மேலதிகாரிக்குக் கொடுக்கும் கோரிக்கை மனுவில் விரிவாக எழுதுங்கள், அதற்கான இடம் அதுதான்.

கோர்ட் பார்ப்பது வேறு. விதியை மீறியிருக்கிறார்களா? ஆணை போட்டவருக்கு அந்த அதிகாரம் உண்டா? உள்நோக்கம் இருக்கிறதா? இதில் உள்நோக்கத்தை நிரூபிப்பது மகா கஷ்டம். தமிழ்நாட்டின் தலைமைச் செயலாளராக இருந்த ராயப்பாவாலேயே 1974-ல் ஐந்து நீதிபதிகள் அமர்வில் அதை நிரூபிக்க முடியவில்லை.

எனக்குத் தெரிந்து ஊழியருக்குக் கைகொடுப்பது, தண்டனையை மாறுதல் என்ற பெயரில் கொடுத்திருப்பதைக் காட்டுவதுதான். சோமேஷ் திவாரி வழக்கில் (2009) மொட்டைக் கடிதத்தை வைத்து ஒருவரை மாற்றியிருந்தார்கள். தவறு செய்திருந்தால் விசாரணை நடத்தித் தண்டிக்க வேண்டும், தண்டனைக்குப் பதிலாக மாற்றக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் ஆணையை ரத்து செய்தது.

அதனால் ஆணையில் 'பார்வை' என்ற பகுதியை, அதாவது எந்தக் கடிதங்களை வைத்து ஆணை போட்டார்கள் என்று எண் போட்டுக் குறிப்பிடும் இடத்தை, முதலில் படியுங்கள். எங்கள் உறுப்பினர் ஒருவருக்கு வந்த ஆணையில் 'நிர்வாக நலன் கருதி' என்றுதான் இருந்தது. ஆனால் பார்வை இரண்டில், உள்ளூர்க்காரர் ஒருவர் கொடுத்த புகார் மனுவின் தேதி இருந்தது. விளக்கம் கேட்டு மெமோவும் கிடையாது, 17(பி) என்கிற ஒழுங்கு நடவடிக்கைக் குற்றச்சாட்டுக் குறிப்பாணையும் கிடையாது, நேரே மாறுதல். வக்கீல் அந்த ஒரு வரியைப் பிடித்துக்கொண்டுதான் தடையாணை வாங்கினார். பார்வையில் ஒன்றும் இல்லையென்றால் தகவல் உரிமைச் சட்டத்தில் கோப்புக் குறிப்புகளின் நகலைக் கேளுங்கள்.

மத்திய அரசு ஊழியர் என்றால் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம். தமிழ்நாட்டு அரசு ஊழியர்களுக்கு இருந்த தீர்ப்பாயம் கலைக்கப்பட்டுவிட்டது, ஆகவே சென்னை உயர் நீதிமன்றம் அல்லது அதன் மதுரைக் கிளை. எங்கே போனாலும் பணிவிடுப்பு ஆவதற்குள், அதாவது பழைய இடத்திலிருந்து உங்களை விடுவிப்பதற்குள், போய்விடுங்கள், அப்புறம் தடை வாங்குவது சிரமம்.

தடையாணை கிடைக்காமல் வீட்டில் மட்டும் உட்கார்ந்துவிடாதீர்கள். குஜராத் மின்வாரிய ஊழியர் ஒருவர் புது இடத்தில் சேராமலே இருந்ததால் வேலையே போனது. 1989-ல் உச்ச நீதிமன்றமும் அது சரிதான் என்றது. மனு நிலுவையில் இருக்கிறது என்பதெல்லாம் சேராமல் இருக்கக் காரணம் ஆகாது. எதிர்ப்பை எழுத்தில் கொடுத்துவிட்டுப் போய்ச் சேருங்கள், வழக்கு அதன் பாட்டுக்கு நடக்கட்டும்.