ஆட்டுக்குட்டிகள் ஏன் சும்மா துள்ளுகின்றன?

பின்னேரமானால் குளக்கட்டில் உங்கள் ஆட்டுக்குட்டிகள் காரணமில்லாமல் துள்ளுவது ஏன் என்று கேட்டிருந்தீர்கள். வன்னியில் பட்டி வைத்திருக்கும் எல்லோரும் பார்ப்பதுதான். இப்படித் துள்ளி விளையாடும்போது, சறுக்கினால் சமாளிக்கவும், இடிபட்டால் நிமிரவும் உடம்பு பழகுகிறது என்று கருதுகிறார்கள்.

விளையாட்டில் பழகுவது நாய்க்குட்டிகளில் இன்னும் தெளிவு. விளையாடும்போது ஒரு குட்டி அழுத்திக் கடித்தால் மற்றது கத்திவிட்டு விலகும். எவ்வளவு கடிக்கலாம் என்பது அப்படித்தான் பிடிபடுகிறது. பெரிய குட்டி சிலவேளை வேண்டுமென்றே விழுந்தும் கொடுக்கும், இல்லாவிட்டால் சின்னது விளையாட வராதே! சிறுவயதில் கூட்டாளி இல்லாமல் வளர்த்த எலிகள் பிறகு மற்ற எலிகளோடு ஒத்துப்போகத் தடுமாறுவதை ஆய்வுகளில் கண்டிருக்கிறார்கள்.

'வேட்டைக்குப் பயிற்சி' என்ற வழக்கமான விளக்கத்தை மட்டும் நான் முழுதாக நம்புவதில்லை. விளையாட்டுப் பொருள் இல்லாமல் வளர்ந்த பூனைகளும் இரை பிடிக்கத்தான் செய்தன.

அப்புறம், மேய்ச்சல் காய்ந்து தாய்க்குப் பால் வற்றினால் துள்ளலும் குறையும். குட்டி படுத்தே கிடந்தால் மிருக வைத்தியரிடம் காட்டுங்கள்.