வாசகர் கேள்வி–பதில்: பாத்ரூமுக்கு எவ்வளவு இடம் வேண்டும்?

கேள்வி: சார், எங்கள் பிளானில் படுக்கையறையோடு சேர்ந்த பாத்ரூமுக்கு 4 அடிக்கு 7 அடி என்று போட்டிருக்கிறார்கள். வெஸ்டர்ன் டாய்லெட், குளிக்கும் இடம், வாஷ்பேசின் மூன்றும் அதற்குள்தான். "எல்லாரும் இப்படித்தான் கட்டுறாங்க, தாராளமாப் போதும்" என்கிறார் கான்ட்ராக்டர். விதிப்படி இது சரியா?

பதில்: சரியில்லை. இந்தியாவின் தேசியக் கட்டட விதித்தொகுப்பு (என்.பி.சி. என்பார்கள்) சொல்வது இது: குளியலும் டாய்லெட்டும் ஒரே அறையில் இருந்தால் தரைப்பரப்பு குறைந்தது 2.8 சதுர மீட்டர், அகலம் குறைந்தது 1.2 மீட்டர். 2.8 சதுர மீட்டர் என்றால் 30 சதுர அடிக்குக் கொஞ்சம் மேல். உங்களுடையது 28. காகிதத்திலேயே குறைகிறது.

கட்டி முடித்த பிறகு இன்னும் குறையும், அதைத்தான் பலர் கணக்கில் எடுப்பதில்லை. பிளானில் போடும் 4 அடி பெரும்பாலும் செங்கல்லுக்குச் செங்கல் அளவு. அதன்மேல் பூச்சு, டைல்ஸ் ஒட்டும் கலவை, அப்புறம் டைல்ஸ் என்று ஒரு சுவருக்கு ஒன்றிலிருந்து ஒன்றரை அங்குலம் வரை போய்விடும், இரண்டு பக்கமும் சேர்த்தால் சுமார் 3 அங்குலம். ஆக நீங்கள் நிற்கப்போகும் அகலம் 3 அடி 9 அங்குலம்தான். 1.2 மீட்டர் என்பதோ 3 அடி 11 அங்குலத்துக்குச் சற்று மேல். இதனால் 4-க்கு 8 என்று நீளத்தைக் கூட்டினாலும் டைல்ஸ் ஒட்டியபின் 29 சதுர அடிதான் தேறும், அகலமும் பற்றாது. 5-க்கு 7 போடுங்கள், எல்லாம் முடிந்தபின் 32 சதுர அடி கையில் இருக்கும். படுக்கையறையில் ஓர் அடி குறைவது அவ்வளவாகத் தெரியாது, பாத்ரூமில் ஓர் அடி கூடினால் தினமும் தெரியும். இப்போது இது பென்சில் கோடுதான், சுவர் எழும்பிவிட்டால் உடைக்க வேண்டியிருக்கும்.

இன்னொன்றையும் யோசித்துப் பாருங்கள். தனியாகக் கட்டினால் குளியலறைக்கு 1.8 சதுர மீட்டர், டாய்லெட்டுக்கு 1.1 சதுர மீட்டர் (அகலம் குறைந்தது 0.9 மீட்டர்) போதும் என்கிறது அதே விதி. இரண்டும் சேர்ந்து 2.9, நடுச்சுவர் கூடுதல். வீட்டில் நாலைந்து பேர், பாத்ரூம் ஒன்றுதான் என்றால் பிரித்துக் கட்டுவதுதான் என் கட்சி. காலை நேரத்தில் ஒருவர் குளித்துக்கொண்டிருக்கும்போது இன்னொருவர் கதவைத் தட்டிக்கொண்டு நிற்க வேண்டாம் பாருங்கள்.

கேள்வி: சதுர அடியெல்லாம் சரியாகத்தான் இருக்கிறது, ஆனாலும் வெஸ்டர்ன் டாய்லெட் கிளாசெட்டில் உட்கார்ந்தால் தோள் சுவரில் இடிக்கிறது. இரண்டாவது பாத்ரூமாவது ஒழுங்காக வர வேண்டும், எதை அளந்து பார்க்க வேண்டும்?

பதில்: பரப்பளவு மட்டும் போதாது என்பதற்கு உங்கள் வீடே சாட்சி. எந்தப் பொருளைச் சுற்றி எவ்வளவு இடம் என்பதை அமெரிக்காவின் குடியிருப்புக் கட்டட விதி (ஐ.ஆர்.சி.) தெளிவாகச் சொல்கிறது, நீங்கள் எந்த ஊரில் கட்டினாலும் உடம்பு உடம்புதான் என்பதால் அந்த அளவுகளை எடுத்துக்கொள்ளலாம். கிளாசெட்டின் நடுக்கோட்டிலிருந்து பக்கச் சுவர் குறைந்தது 15 அங்குலம் தள்ளி இருக்க வேண்டும், மறுபக்கம் வாஷ்பேசின் இருந்தால் அதற்கும் அதே 15. முன்பக்கம் குறைந்தது 21 அங்குலம் காலியாக வேண்டும். ஷவர் நிற்கும் இடம் 30-க்கு 30 அங்குலத்துக்குக் குறையக்கூடாது.

இவையெல்லாம் கடைசி எல்லை, இதற்குக் கீழே போகாதே என்பதற்காகச் சொன்னது. கொஞ்சம் பருமனானவர் 15 அங்குலத்தில் உட்கார்ந்தால் கை சுவரோடு ஒட்டித்தான் இருக்கும். 18 அங்குலம் கிடைத்தால் விடாதீர்கள். ஷவருக்கும் 30 அங்குலம் என்பது நேராக நின்று குளிக்கத்தான், குனிந்து காலில் சோப்புப் போட 36 வேண்டும்.

எல்லா அளவையும் டைல்ஸ் முகத்திலிருந்து எடுக்கச் சொல்லுங்கள். பிளம்பர் வந்து பைப் போடும்போது சுவர் வெறும் செங்கல்லாக நிற்கும், அங்கிருந்து 15 அங்குலம் வைத்தால் பூச்சும் டைல்ஸும் ஏறியபின் பதின்மூன்றரைதான் மிஞ்சும். உங்கள் வீட்டிலும் இதுதான் நடந்திருக்கும் என்று நினைக்கிறேன். கழிவுக்குழாய் தரையில் இறங்கும் எஸ் டிராப் கிளாசெட் என்றால் பின்சுவருக்கும் இதே கதைதான். அதனால் கிளாசெட் மாடலை முதலிலேயே முடிவு செய்து, அதன் அளவுத்தாளைப் பிளம்பர் கையில் கொடுத்துவிடுங்கள். பைப் போடுவதற்கு முன்னால் தரையில் சாக்பீஸால் கிளாசெட், வாஷ்பேசின், கதவு திறக்கும் வளைவு எல்லாவற்றையும் வரைந்து, ஒரு ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்து எழுந்து பாருங்கள். இடித்தால் அப்போதே தெரிந்துவிடும்.

கேள்வி: எங்கள் பாத்ரூம் வீட்டின் நடுவில் வருகிறது, வெளிச்சுவர் கிடையாது. எக்ஸாஸ்ட் ஃபேன் போட்டால் போதாதா?

பதில்: என்.பி.சி.யின்படி பாத்ரூமின் ஒரு சுவராவது வெளிக்காற்றைப் பார்த்து இருக்க வேண்டும், வெட்டவெளிக்கோ காற்றுக்காக விடும் திறந்த இடைவெளிக்கோ (ஷாஃப்ட்) திறக்கும் ஜன்னல் அல்லது வென்டிலேட்டர் குறைந்தது 0.3 சதுர மீட்டர் வேண்டும். அது சுமார் 3 சதுர அடி. நாம் வழக்கமாகப் பார்க்கும் 2 அடிக்கு 1 அடி வென்டிலேட்டர் இதில் தேறாது. ஐ.ஆர்.சி. ஜன்னலுக்குப் பதிலாக ஃபேனை ஏற்றுக்கொள்கிறது, ஆனால் நிமிடத்துக்கு 50 கன அடி காற்றையாவது வெளியே தள்ள வேண்டும், ஓயாமல் ஓடும் ஃபேன் என்றால் 20 போதும்.

முடிந்தால் அறையையே வெளிச்சுவர் பக்கம் நகர்த்துங்கள், கரண்ட் போனாலும் ஜன்னல் வேலை செய்யும். முடியாவிட்டால் ஃபேன்தான். அதன் குழாய் கட்டடத்துக்கு வெளியே போய் முடிய வேண்டும், ஃபால்ஸ் சீலிங்குக்குள் விட்டுவிட்டால் ஈரம் முழுக்க அங்கே தங்கிப் பூஞ்சை பிடிக்கும். கதவுக்கு அடியில் முக்கால் அங்குலமாவது சந்து விடுங்கள். உள்ளே காற்று வர வழியில்லாமல் ஃபேன் சுற்றி என்ன பயன்?

கேள்வி: அம்மாவுக்கு மூட்டுவலி, நடக்கச் சிரமப்படுகிறார். இப்போது கட்டும் பாத்ரூமை அவருக்கு ஏற்றபடி எப்படி அமைப்பது?

பதில்: முதலில் கதவு. இரண்டரை அடிக் கதவு என்று சொல்வது பெரும்பாலும் நிலையின் வெளி அளவு, இரண்டு பக்கக் கட்டையையும் கழித்தால் உள்ளே 25 அங்குலம் கிடைத்தால் அதிகம். சக்கர நாற்காலிகள் பலவும் அந்த அகலம் இருக்கும், உருட்டும் கை வேறு சுவரில் உரசும். ஆகவே நிலைக்குள் 3 அடி காலியாகக் கிடைக்கும்படி கதவு வையுங்கள். அது வெளிப்பக்கம் திறக்கட்டும், இல்லையென்றால் சறுக்குக் கதவு போடுங்கள். உள்பக்கம் திறக்கும் கதவில் ஓர் ஆபத்து உண்டு: உள்ளே இருப்பவர் விழுந்துவிட்டால் அவர் உடம்பே கதவை அடைத்துக்கொள்ளும், காப்பாற்றப் போகிறவர் தள்ளித் திறக்க முடியாது. தாழ்ப்பாளும் வெளியிலிருந்து திறக்கக்கூடியதாக இருக்கட்டும்.

சக்கர நாற்காலி உள்ளே திரும்ப 5 அடி விட்டமுள்ள வட்டம் வேண்டும். இப்போது தேவையில்லை என்றாலும் இடம் இருந்தால் விட்டு வையுங்கள். கிளாசெட் இருக்கை தரையிலிருந்து 17 முதல் 19 அங்குல உயரம் இருந்தால் மூட்டுவலிக்காரர்கள் எழுவது எளிது, பக்கச் சுவரில் 33 முதல் 36 அங்குல உயரத்தில் பிடிமானக் கம்பி வேண்டும். இவை அமெரிக்காவின் மாற்றுத்திறனாளிகளுக்கான கட்டடத் தர அளவுகள். அந்தக் கம்பி ஓர் ஆளின் முழு எடையையும் தாங்க வேண்டும், டவல் மாட்டும் கம்பியை நம்பவே நம்பாதீர்கள். கம்பி வரும் இடத்தில் சுவர் கெட்டியாக இருக்கும்படி இப்போதே மேஸ்திரியிடம் சொல்லிவிடுங்கள்.

கேள்வி: மாடிப்படிக்கு அடியில் ஒரு சின்ன டாய்லெட் கட்டலாமா? அதன் கதவு சமையலறைப் பக்கம்தான் வரும்.

பதில்: உயரம்தான் முதல் கேள்வி. முடித்த தரையிலிருந்து கூரையின் மிகத் தாழ்ந்த இடம் வரை குறைந்தது 2.1 மீட்டர், அதாவது கிட்டத்தட்ட 7 அடி வேண்டும் என்கிறது என்.பி.சி. படி இறங்கிவரும் சரிவில் அந்த உயரம் எதுவரை கிடைக்கிறதோ அதுவரைதான் உங்கள் அறை, மிச்சத்தில் துடைப்பம், வாளி வைத்துக்கொள்ளுங்கள்.

சமையலறை விஷயத்தில் சலுகையே கிடையாது. கதவோ ஜன்னலோ, டாய்லெட்டிலிருந்து நேராகச் சமையலறைக்குள் எதுவும் திறக்கக்கூடாது. கதவை வேறு பக்கம் வைக்க வழி இருக்கிறதா என்று பாருங்கள், இல்லையென்றால் இந்த இடம் வேண்டாம். வழி இருந்தால், தரை வாட்டம் தண்ணீர் வெளியேறும் தரை டிராப்பை நோக்கி ஓட வேண்டும், வாசலை நோக்கி அல்ல. டைல்ஸ் ஒட்டுமுன் ஒரு வாளித் தண்ணீரை ஊற்றி எந்தப் பக்கம் போகிறது என்று நீங்களே நின்று பார்த்துவிடுங்கள்.