டீ பாட்டின் உள்ளே வலைக் கோடுகள்

கேள்வி: பரிசாக வந்த பீங்கான் டீ பாட்டில் தினமும் டீ போடுகிறேன். உள்ளே மெல்லிய வலை போலக் கோடுகள் விழுந்து பழுப்பேறிவிட்டன. தொடர்ந்து பயன்படுத்தலாமா? ஆறிய டீயை அதிலேயே அடுப்பில் வைத்துச் சூடாக்கலாமா?

பதில்: அடுப்பில் வைக்கவே வைக்காதீர்கள். ஆயிரம் டிகிரிக்கு மேல் சூளையில் வெந்த பாத்திரம்தானே என்று பலரும் கேட்பார்கள். சூளையில் சூடு மணிக்கணக்கில் மெல்ல ஏறி மெல்ல இறங்கும். அடுப்பிலோ தீ பட்ட இடம் மட்டும் சட்டென்று விரியும்; பக்கத்து இடம் விரியாது. அந்த இழுபறியில் பாத்திரம் பிளந்துவிடும். கொதிநீர் ஊற்றும்போதும் இதே ஆபத்து உண்டு. கொஞ்சம் வெந்நீர் ஊற்றிச் சுழற்றி, வெளிப்பக்கம் கைக்கு இளஞ்சூடாகத் தெரிந்த பிறகு டீ போடுங்கள்.

இனி அந்தக் கோடுகள். சூளையில் ஆறும்போது மேல்பூச்சு உள்ளேயிருக்கும் மண்ணைவிட அதிகம் சுருங்கினால் இப்படி வெடிக்கும். மண் ஈரம் குடித்து லேசாக உப்பினால், வாங்கிப் பல வருடம் கழித்துக்கூட வரும். நான் களிமண்ணில் வேலை செய்கிறவள். இதைப் பார்த்தால் உடனே பாத்திரத்தைக் கவிழ்ப்பேன். அடியில் பூச்சு இல்லாத வளையம் இருக்கும். அதில் ஒரு சொட்டுத் தண்ணீர் விடுங்கள். சொட்டு அப்படியே நின்றால் மண் நன்றாக இறுகியிருக்கிறது; கறை வெறும் அழகுக் குறைதான். சட்டென்று உறிஞ்சிக்கொண்டால் டீயும் விரிசல் வழியே மண்ணுக்குள் போகிறது. அங்கே தேய்த்துக் கழுவ முடியாது, கிருமி தங்கும். அதில் குடிப்பதை நிறுத்திவிடுங்கள், பூச்செடிக்கு வைத்துக்கொள்ளலாம்.

அப்புறம், மூடியை எடுத்துவிட்டு விரல் முட்டியால் தட்டிப் பாருங்கள். கணீரென்று ஒலித்தால் சரி. சத்தம் மந்தமாக இருந்தாலோ, ஏதாவது ஒரு கோட்டில் நகம் சிக்கினாலோ சுவரே விரிசல் விட்டிருக்கலாம். கொதிநீரோடு கையில் தூக்கும் பாத்திரம், பரிசு என்று பார்க்காதீர்கள்.

கறைக்குச் சமையல் சோடாவைக் குழைத்துப் பூசி, ஊறவிட்டுத் தேயுங்கள். பிளீச்சிங் திரவம் வேண்டாம், விரிசலுக்குள் தங்கிவிடும். கழுவியபின் மூடியைத் தனியாக வைத்து உலர்த்துங்கள்.

உள்பக்கம் வண்ணம் தீட்டிய பழைய பாத்திரம் என்றால் நான் இன்னும் கண்டிப்பாகச் சொல்வேன். பழைய பூச்சுகளில் ஈயம் கலந்திருக்கலாம். எலுமிச்சைப் புளிப்பு அதைக் கரைத்து டீயில் இறக்கிவிடும். பூச்சு ஈயமில்லாதது என்று உறுதியாகத் தெரியும்வரை அது அலமாரியில் இருக்கட்டும்.