பிரசார நிதி முறைகேடு என்றால் என்ன? ஜெஸ்ஸி ஜாக்சன் ஜூனியர் ஏன் சிறைக்குப் போனார்?

தேர்தல் செலவுக்காக ஆதரவாளர்கள் வேட்பாளரிடம் கொடுக்கும் பணம்தான் பிரசார நிதி. அதைச் சொந்தச் செலவுக்குத் தொடக்கூடாது. அமெரிக்கச் சட்டத்தின் உரைகல் எளிமையானது: ஒருவர் வேட்பாளராகவோ நாடாளுமன்ற உறுப்பினராகவோ இல்லாவிட்டாலும் இந்தச் செலவு வந்திருக்குமா? வந்திருக்கும் என்றால் அது சொந்தச் செலவு.

இந்தக் கண்டிப்புக்குக் காரணம் உண்டு. அந்தப் பணம் வேட்பாளரின் வீட்டுக்குள் போகலாம் என்றால், நன்கொடைக்கும் லஞ்சத்துக்கும் இடையே கோடு எங்கே? சங்கத்துக் கணக்கில் பொருளாளர் தன் மனைவிக்கு நகை வாங்கினால் உறுப்பினர்கள் சும்மா இருப்பார்களா? அதே கதைதான்.

மனித உரிமைப் போராளி ஜெஸ்ஸி ஜாக்சனின் மகனான ஜெஸ்ஸி ஜாக்சன் ஜூனியர், 1995-இல் இல்லினாய் மாநிலத்திலிருந்து அமெரிக்க நாடாளுமன்றத்தின் பிரதிநிதிகள் சபைக்குத் தேர்வானார். அடுத்தடுத்த தேர்தல்களிலும் வெற்றிதான். ஆனால் சுமார் 7,50,000 டாலர் பிரசார நிதி சொந்தச் செலவில் கரைந்தது. அதில் 43,350 டாலருக்கு ஒரு ரோலக்ஸ் கைக்கடிகாரம். கடிகாரம் இல்லாமல் ஓட்டுக் கேட்க முடியாதா என்ன! 2012 நவம்பரில் மீண்டும் வென்று, அதே மாதம் பதவி விலகினார். 2013-இல் குற்றத்தை ஒப்புக்கொண்டார். 30 மாதச் சிறைத் தண்டனை.

அவர் அரசுப் பணத்தைச் சுருட்டினார் என்று பலர் நினைக்கிறார்கள். அந்த 7,50,000 டாலர் வரிப்பணம் அல்ல, ஆதரவாளர்கள் கொடுத்த நன்கொடை.